பத்தொன்பது வயதுக் கிழவர்

“சார், ஒண்ணு சொன்னாக் கோவிச்சுக்கக் கூடாது.”

“சொல்லாம இருந்தாக் கோவிக்கவே மாட்டேன்” என்றார் துப்பறிவாளர் சத்தியமூர்த்தி.

உதவியாளன் பூமிநாதன் வாயை மூடிக்கொண்டு காரின் பானெட்டைத் திறந்தான். ஆவி புஸ்ஸென்று கிளம்பி முகத்தில் அடித்தது. இந்த ஆஸ்டினை ஒரு வெள்ளைக்காரத் துரை நாட்டை விட்டுப் போகும்போது இங்கேயே போட்டுவிட்டுப் போனான். ஏன் போட்டுவிட்டுப் போனான் என்பது பூமிநாதனுக்குத் தினம் ஒருமுறை விளங்கும். இன்றைக்குப் பார்த்துக் காலையிலிருந்து மூன்று முறை விளங்கிவிட்டது.

பின்சீட்டில் மலையம்மாள் அசையாமல் உட்கார்ந்திருந்தாள். இருபத்திரண்டு வயது. பர்மாவில் பிறந்து வளர்ந்தவள், ரங்கூன் கப்பலிலிருந்து மெட்ராஸில் இறங்கி ஒரு மாதம்கூட ஆகவில்லை. அவளைப் பெற்ற மா சேன் அசல் பர்மாக்காரி. அந்த அம்மாள் இப்போது காரைக்குடி அரசாங்க ஆஸ்பத்திரியில் மூச்சு விடுவதற்கே போராடிக்கொண்டு கிடந்தாள். “பொழுது சாயிற வரைக்கும் தாங்கினா அதிசயம்” என்று டாக்டர் காலையிலேயே சொல்லிவிட்டார்.

அந்தப் பொழுது சாய்வதற்குள் ஒரு மனிதனைக் கண்டுபிடித்துக் கொண்டுபோய் நிறுத்த வேண்டும். பெயர் முத்துவீரன். மா சேனின் புருஷன், மலையம்மாளின் அப்பா. மகள் அவரைக் கண்ணால் கண்டதில்லை.

செட்டியார் கடையில் வேலைக்கென்று ரங்கூன் போனவர் அவர். சண்டைக் காலத்தில் ஜப்பான்காரன் குண்டு போட்டதும் வெள்ளைக்காரர்கள் கப்பலிலும் விமானத்திலும் இடம் பிடித்துக்கொண்டார்கள். அவர்களை நம்பிக் கடல் தாண்டிய நம்மாட்கள் காட்டு வழியாக நடந்தார்கள். முத்துவீரனும் நடந்தார். வயிற்றுப்பிள்ளைக்காரியான மா சேனிடம், “போய் ஆளனுப்புறேன்” என்று சொல்லிவிட்டுப் போனவர்தான். ஆளும் வரவில்லை, சேதியும் வரவில்லை.

இப்போது 1964-இல் பர்மா சர்க்கார் மலையம்மாளைக் கூப்பிட்டு, உன் அப்பன் இந்தியாக்காரன், நீ கிளம்பு என்று சொல்லிவிட்டது. முகமே தெரியாத அப்பனுக்காக அவளுக்கு நாடு போயிற்று. மகளைத் தனியே அனுப்ப மனசு வராமல் அம்மாவும் கப்பலேறிவிட்டாள். வேறொரு வழக்குக்காகக் காரைக்குடியில் தங்கியிருந்த சத்தியமூர்த்தியின் லாட்ஜ் வாசலில் நேற்று வந்து நின்று மலையம்மாள் இதைச் சொன்னபோது, பூமிநாதனுக்கு வயிறு எரிந்தது. யாரைத் திட்டுவது என்றுதான் தெரியவில்லை.

ஊர் பேராவது தெரியுமா என்றால், காரைக்குடி என்றாள். கிழிஞ்சது போ! ரங்கூனில் யாரைக் கேட்டாலும் காரைக்குடி என்றுதான் சொல்வார்கள். சுற்றியுள்ள அத்தனை பட்டிதொட்டிக்கும் அங்கே அதுதான் பேர்.

“நீ சொல்ல வந்ததச் சொல்லு பூமி” என்றார் சத்தியமூர்த்தி.

“காலையில இருந்து பிள்ளையார்பட்டிப் பக்கத்து ஊரு அம்புட்டும் சல்லடை போட்டாச்சு. பிள்ளையாரையே ரெண்டு தடவ கேட்டாச்சு. முத்துவீரன்னு ஒருத்தரும் அங்குட்டு ரங்கூன் போகல. நாம தப்பான எடத்துல நிக்கிறோம்னு தோணுது.”

“எனக்கும்தான் தோணுது.” அவர் பின்சீட்டுப் பக்கம் திரும்பினார். “அம்மா சொன்னத இன்னொரு தடவ சொல்லு மலையம்மா. ஒரு வார்த்தை விடாமச் சொல்லு.”

மலையம்மாள் ரங்கூன் தெருவில் கற்ற தமிழில் மெல்லச் சொன்னாள். “சாயங்காலம் ஆனா அப்பா வாசல்ல நிப்பாராம். சூரியன் விழுறதப் பாத்து அழுவாராம். எங்க ஊர்ல இது முருகன் மலைக்குப் பின்னால விழும்னு சொல்லுவாராம். அதனாலதான் அம்மா எனக்கு மலையம்மாள்னு பேர் வச்சது.”

சத்தியமூர்த்தி தன் நெற்றியில் தானே அறைந்துகொண்டார்.

“பூமி, பிள்ளையார்பட்டியில நின்னு பாத்தா குன்றக்குடி முருகன் மலைப் பக்கம் சூரியன் என்ன பண்ணும்?”

“உதிக்கும். காலையில கண்ணு கூசுச்சே... அட நாசமாப் போக! விழணும்னா மலைக்குக் கிழக்கால நிக்கணும்!”

“பாதி நாள மேற்கால தொலைச்சிட்டோம். வண்டிய எடு.”

“கிழக்காலயும் ஊரு கொள்ளையா இருக்கு சார். ஒவ்வொண்ணாக் கேட்டுக்கிட்டுப் போனா விடிஞ்சிரும்.”

“வேற ஏதாவது ஞாபகம் இருக்காம்மா? சின்ன விஷயமா இருந்தாலும் பரவாயில்ல.”

அவள் யோசித்தாள். “அப்பா கட்டில்ல படுக்க மாட்டாராம். காய்ச்சல் வந்தாலும் தரையிலதான். கட்டில் எங்க சாமிக்கு மட்டும்தான்னு சொல்லுவாராம். வேற ஒண்ணும் தெரியல சார்...”

“போதும்” என்றார் சத்தியமூர்த்தி. “காரைக்குடிச் சந்தைக்கு விடு.”

“இப்ப எதுக்கு சார் சந்தை?”

“கட்டில் வாங்க.”

மனுஷனுக்கு வெயிலில் மூளை கலங்கிவிட்டது என்றே பூமிநாதன் முடிவு கட்டினான். ஆனால் சத்தியமூர்த்தி கட்டில் வாங்கவில்லை. புளியமரத்தடியில் கயிற்றுக் கட்டில் அடுக்கி வைத்திருந்த இருளாண்டியின் முன்னால் போய் நின்று கேட்டார்:

“அண்ணே, நீங்க கட்டில் விக்கப் போகாத ஊரு எது?”

இருளாண்டி ஒரு நிமிஷம் விழித்துவிட்டு, கடகடவென்று சிரித்தார். “எல்லாரும் வெல கேப்பாக, நீக இதக் கேக்குறீக! குன்றக்குடி போற ரோட்டுல உள்ள தள்ளி வேலங்காவயல்னு ஒரு ஊரு. அங்குட்டுக் கட்டிலத் தலையில தூக்கிட்டுப் போனாலே அடிக்க வருவாக. ஊருக்கே ஒத்தக் கட்டிலுதான், அதும் அய்யனாருக்கு. புள்ள பெத்தவளும் தரையிலதான் படுக்கணும்.”

“மலை எந்தப் பக்கம் தெரியும்?”

“மேற்க.”

பூமிநாதன் ஓடிப்போய் வண்டியைக் கிளப்பினான். முதல் தடவையிலேயே கிளம்பியது. நல்ல சகுனம் என்று நினைத்தான். அந்த நினைப்பு வேலங்காவயல் எல்லை வரைக்கும்தான் நிலைத்தது.

ஊர்ப் பெரியவர் மாயக்கண்ணன் அய்யனார் கோயில் வாசலில் நின்றிருந்தார். முத்துவீரன் பெயரைக் கேட்டதும் அவர் முகம் இறுகிப்போனது.

“ரங்கூன் போன முத்துவீரனா? அவன் செத்து இருவது வருசத்துக்கு மேல ஆச்சே.”

மலையம்மாள் காரின் கதவைப் பிடித்துக்கொண்டாள்.

“நல்லாத் தெரியுமா பெரியவரே?” என்றார் சத்தியமூர்த்தி.

“தெரியுமாவா? நடந்து வந்த பாதையில வாந்திபேதி கண்டு செத்துட்டான்னு கூட வந்தவன் சேதி கொண்டாந்தான். ஊரே கூடிக் கருமாதி பண்ணி, பொண்டாட்டி பொன்னழகுக்குத் தாலி இறக்கியாச்சு. நான் முன்னால நின்னவன். அய்யனார் சத்தியமாச் சொல்றேன், முத்துவீரன்னு ஒருத்தன் இந்த ஊர்ல உசுரோட இல்ல.”

அய்யனார் சன்னதியில் நின்று அந்த ஊர்க்காரன் பொய்ச் சத்தியம் செய்யமாட்டான். அது பூமிநாதனுக்கும் தெரியும், சத்தியமூர்த்திக்கும் தெரியும். மலையம்மாள் அப்படியே மண்ணில் உட்கார்ந்தாள். சத்தம் போட்டு அழவில்லை. “அம்மாகிட்ட என்ன சொல்றது? என்ன சொல்றது?” என்று அதையே திரும்பத் திரும்பக் கேட்டாள். அவளைச் சிரிக்க வைக்க ஏதாவது சொல்லலாம் என்று பார்த்தான் பூமிநாதன். கடைசியில் அவள்மேல் வெயில் படாமல் மறைத்துக்கொண்டு நின்றான்.

“அப்பா இருந்த வீட்டையாவது பாத்துட்டுப் போகட்டும்” என்றார் சத்தியமூர்த்தி.

வீட்டு வாசலில் கூரையைத் தாங்கிய கல்தூணருகே பொன்னழகு பக்கத்து வீட்டு அன்னக்கிளியோடு நெல் புடைத்துக்கொண்டிருந்தாள். வெள்ளைச் சேலைக்காரியை எதிர்பார்த்துப் போன பூமிநாதன் திடுக்கிட்டான். அரக்குக் கண்டாங்கி, நெற்றி நிறையக் குங்குமம், கழுத்தில் தாலி.

“அறுத்துக் கட்டியிருக்கு சார்” என்று முணுமுணுத்தான். “வேற ஒருத்தரக் கட்டிக்கிச்சு. அம்புட்டுத்தான். கெளம்புவோம்.”

சத்தியமூர்த்தி குடிக்கத் தண்ணீர் கேட்டார். சொம்பை வாங்கிக்கொண்டே, “வீட்டுக்காரர் வயலுக்குப் போயிருக்காரா தாயி?” என்றார்.

“புல்லறுக்கப் போனாக. இந்தா வார நேரம்தான்.”

“இந்த வெயில்லயா? வயசானவருன்னா உடம்பு என்னத்துக்கு ஆகும்?”

அன்னக்கிளி முறத்தைத் தட்டிக்கொண்டே சிரித்தாள். “மலையாண்டி அண்ணனுக்கு என்ன வயசு? பத்தொம்பதுதான! தவுட்டுக்கு வாங்கின புள்ள, எளவட்டம்ல!”

“வாய மூடுடி!” என்றாள் பொன்னழகு. அவள் அதட்டலில் பயம் இருந்தது.

சத்தியமூர்த்தி தண்ணீரை நிதானமாகக் குடித்தார். அவர் நிதானமாகக் குடித்தால் மண்டைக்குள் ஏதோ ஓடுகிறது என்று அர்த்தம். பூமிநாதனும் யோசித்துப் பார்த்தான். பிள்ளை தங்காத வீட்டில், பிறந்த குழந்தையைச் சாமிக்கு என்று கொடுத்துவிட்டு, தவிட்டைக் கொடுத்துத் திரும்ப வாங்குவது இந்தப் பக்கத்து வழக்கம்தான். பழைய பிள்ளை போயிற்று, இது புதுப் பிள்ளை என்று எமனை ஏமாற்றுகிற வேலை. ஆனால் அது தொட்டில் பிள்ளைக்குச் செய்வது. பத்தொன்பது வருஷத்துக்கு முன்னால் மீசை முளைத்த ஆம்பளையை எவன் தவிட்டுக்கு வாங்குவான்?

தெருமுனையில் தலையில் புல்லுக்கட்டோடு ஒருவர் வந்துகொண்டிருந்தார். தலை பாதிக்கு மேல் நரைத்திருந்தது. சத்தியமூர்த்தி குனிந்து மலையம்மாள் காதில் ஏதோ சொன்னார். அவள் புரியாமல் அவரைப் பார்த்தாள். பிறகு அவர் சொன்னபடியே அலறினாள்.

“ம்வே! ம்வே!”

பொன்னழகு வாயைப் பிளந்து பார்த்தாள். அன்னக்கிளி, பிள்ளைக்குப் பேய் பிடித்ததோ என்று எழுந்து நின்றாள். ஆனால் வந்துகொண்டிருந்த பத்தொன்பது வயதுக்காரர் புல்லுக்கட்டைத் தொப்பென்று போட்டுவிட்டு ஒரே தாவாகத் தாவி, காலடியில் நாலு பக்கமும் தேடினார்.

“பர்மாவுல பாம்ப அப்படித்தான் சொல்லுவாக” என்றார் சத்தியமூர்த்தி. “வேலங்காவயல்ல பொறந்த பத்தொம்பது வயசு எளவட்டத்துக்கு அது எப்படித் தெரிஞ்சது, மலையாண்டி அண்ணே?”

மலையாண்டி குனிந்து புல்லுக்கட்டைத் தூக்கப் போனார். சத்தியமூர்த்தி விடவில்லை.

“உங்க ஊருப் பெரியவர் பொய் சொல்லல. முத்துவீரன் செத்தாச்சு, கருமாதியும் ஆச்சு. அதுக்கப்புறம் நீங்க உசுரோட வந்து நின்னுட்டீங்க. கருமாதி ஆன ஆள வீட்டுக்குள்ள விட முடியாது. அதனால?”

பொன்னழகுதான் பதில் சொன்னாள். சொல்லும்போது முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். “எல்லைக்கு வெளியவே நிறுத்திட்டாக. சோறுகூட எட்ட வச்சுட்டு வந்தோம். அப்புறம் குன்றக்குடி முருகனுக்குப் புள்ளையாக் கொடுத்து, எங்க மாமியா மடியில தவுட்டக் கட்டிக்கிட்டுப் போயி வாங்கியாந்துச்சு. மலையாண்டின்னு பேரு வச்சு, எனக்குப் புதுசாத் தாலி கட்டச் சொன்னாக. இனி யாராச்சும் பழைய பேரச் சொல்லிக் கூப்பிட்டு இவுக ‘ஏன்’னு கேட்டா செத்தவன் எந்திரிச்சுட்டான்னு அர்த்தம். அன்னைக்கே இந்தத் தாலி இறங்கிரும். அய்யனார் முன்னால சத்தியம் வாங்கியிருக்காக.”

மலையம்மாள் எழுந்து அவர் முன்னால் போய் நின்றாள். இவள் கண்ணும் அவர் கண்ணும் ஒரே அச்சு. குருடனுக்கும் தெரிந்திருக்கும்.

“நான் மா சேன் மக.”

அவர் முகத்தில் ரத்தம் வற்றிப்போனது. “உசுரோட இருக்காளா?”

“இன்னைக்குப் பொழுது வரைக்கும் இருப்பாங்க. காரைக்குடியில கிடக்காங்க. ஒரு தடவை வந்து முகத்தைக் காட்டுங்க அப்பா. வேற எதுவும் வேணாம். நான் உங்ககூட இருக்க மாட்டேன். எங்கயாவது போயிருவேன். ஒரே ஒரு தடவை.” அவள் அவர் காலைக் கட்டிக்கொண்டாள்.

அவர் கை அவள் தலைக்கு வந்தது. தொடாமல் நின்றது. கண்ணீர் பொலபொலவென்று கொட்ட, “அவ புருசன் செத்துட்டான் தாயி” என்றார். “நான் மலையாண்டி. நான் உனக்கு யாருமில்ல.”

பூமிநாதனுக்குப் பொத்துக்கொண்டு வந்தது. “யோவ்! நீயெல்லாம் மனுசனாய்யா? பெத்த புள்ள கால்ல கிடக்கு, தவுட்டுக் கதை பேசுற! இருவது வருசமா ஒரு வார்த்தை எழுதிப்போடக் கை வரலையா உனக்கு?”

“செத்தவன் எப்படித் தம்பி எழுதுவான்?” என்றார் அவர். மேற்கே சூரியன் மலைமேல் இறங்கிக்கொண்டிருந்தது.

பொன்னழகு முறத்தைச் சுவரில் சாய்த்து வைத்தாள். காலில் கிடந்த பெண்ணைப் பார்த்தாள்.

“நீ செத்துட்டன்னு சொன்னப்ப நான் மூணு வருசம் மூலையில கிடந்தேன்” என்றாள் புருஷனிடம். இதுவரை ‘அவுக, இவுக’ என்றவள் இப்போது நீ என்று சொன்னதை அவளே கவனிக்கவில்லை. “சாகலன்னு தெரிஞ்சதும் எனக்கு உசுரு வந்துச்சு. அவளுக்கு யாரு வந்து சொன்னா?” காரைப் பார்த்தாள். “இதுல எடம் இருக்கா தம்பி?” மறுபடி புருஷனிடம் திரும்பினாள். “பேர் சொல்ல வேணாம், பேசவும் வேணாம். சும்மா வந்து நில்லுங்க, போதும். நானும் வாரேன்.”

அந்த ஆஸ்டின் தன் ஆயுளில் அவ்வளவு வேகம் போனதில்லை. வழி நெடுக, நின்றுவிடாதே, நின்றுவிடாதே என்று பூமிநாதன் அதோடு பேசிக்கொண்டே வந்தான்.

ஆஸ்பத்திரி வார்டில் விளக்குப் போட்டிருந்தார்கள். மா சேனுக்கு மூச்சு இருந்தது. மலையம்மாள் ஓடிப்போய் அம்மாவின் காதருகே குனிந்து பர்மிய மொழியில் படபடவென்று சொன்னாள். நடுவே முத்துவீரன் என்றாள், மலையாண்டி என்றாள், தன் கழுத்தைத் தொட்டுக் காட்டினாள். தாலி கதை உட்பட எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள் என்று பூமிநாதனுக்குப் புரிந்தது.

மா சேன் கண்ணைத் திறந்தாள். எதிரே நின்ற நரைத்த மனிதரை வெகுநேரம் பார்த்தாள். பிறகு அவர் பின்னால் நின்ற பொன்னழகைப் பார்த்தாள். அந்தப் பார்வை முகத்திலிருந்து கழுத்துக்கு இறங்கி அங்கேயே நின்றது.

“இல்லை” என்றாள் தமிழில். “இவர் இல்லை. என் வீட்டுக்காரர் செத்துட்டார்.”

பூமிநாதனுக்குப் பகீரென்றது. ஆள் மாறிப்போச்சா? பாம்புக்குத் தாவினாரே! சத்தியமூர்த்தியைப் பார்த்தான். அவர் தலை குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம்தான் பூமிநாதனுக்கு உறைத்தது. பாவி மனுஷி, தெரிந்தேதான் சொல்கிறாள். அந்தத் தாலி இறங்கக் கூடாதென்று சொல்கிறாள். இதற்காகவா கடல் தாண்டி வந்தாள்?

மலையாண்டிக்கும் உறைத்துவிட்டது. அவர் தரையில் முட்டி போட்டு அவள் கையைப் பிடித்தார்.

“மா சேன், பொய் சொல்லாத. என்னயப் பாரு.”

“இல்லை.”

“ஆளனுப்புறேன்னு சொல்லிட்டு வந்தேனே... அனுப்பாத படுபாவி நான்தான். பாருடி. செத்தவன் இல்லடி நான். சாகல.”

அவள் தலையை மறுபக்கம் திருப்பிக்கொண்டாள். மூடிய கண்ணிலிருந்து நீர் வடிந்தது. மூச்சு விட்டு விட்டு வந்தது.

“முத்துவீரன் வந்திருக்கேன்” என்றார் அவர் மெல்ல.

பொன்னழகு ஓரடி முன்னால் வந்தாள். அவரை இழுத்துக்கொண்டு போகப்போகிறாள் என்று பயந்து பூமிநாதன் குறுக்கே கையை நீட்டினான். அவள் அந்தக் கையை விலக்கினாள். குனிந்து புருஷனின் தோளில் கை வைத்தாள். இன்னொரு கை தாலியை இறுகப் பிடித்திருந்தது.

“சத்தமாச் சொல்லுங்க” என்றாள். “அவளுக்குக் காது அடச்சுக்கிட்டு வருதுல்ல.”

முத்துவீரன் சத்தமாகச் சொன்னார்.